கேட்ட உரிமையும் கேளாத உரிமையும்

ஒரு மனிதனை எதைக்கொண்டு மதிப்பிடுவது? அவன் தனக்காகக் கேட்ட உரிமையைக் கொண்டா, பிறனுக்காகக் கேளாமல் விட்ட உரிமையைக் கொண்டா? ஒழுக்கவியலில் இக்கேள்வி புதியதன்று. ஆயினும் ஏட்டோடு நின்றுவிடும் கேள்வியாக இஃது எமக்குத் தோன்றவில்லை. வன்னி மண்ணில் ஆசிரியத் தொழில் புரியும் எம்மை நோக்கி, வகுப்பறையின் கடைசி வாங்கிலிருந்தே இக்கேள்வி எழுந்து வருகின்றது. அவ்வாங்கிற்கு நாம் இறுதியில் வருவோம். அதற்கு முன்னர் ஒரு மனிதரின் வாழ்க்கையை ஆராய்தல் வேண்டும்.

அவர் பெயர் ஜோர்ஜ் வோல். ஆங்கிலேயர், வணிகர், கோப்பியிற் செல்வம் ஈட்டியவர், பின்னர் அரசியல்வாதியாகி அரசாங்கத்தையே எதிர்த்து நின்றவர், வாழ்வின் பிற்பகுதியிற் பத்திரிகையாளராய் விளங்கியவர். இலங்கையின் அரசியற் சீர்திருத்த வரலாற்றைக் கற்பிக்கும்போது அவர் பெயரை ஒருமுறை சொல்லிவிட்டு நாம் அடுத்த பக்கத்தைப் புரட்டிவிடுகின்றோம். அப்படிப் புரட்டிவிடத் தக்க வாழ்க்கையன்று அது. நன்மையும் தீமையும் ஒரே மனிதனிடம் எவ்வாறு ஒன்றையொன்று காணாமலே குடியிருக்க முடியும் என்பதற்கு அது தெளிவானதோர் எடுத்துக்காட்டு.

வோல் 1846 ஆம் ஆண்டில் இலங்கைக்கு வந்தார். கண்டி மலைநாட்டின் காடுகள் கோப்பிக்காக வெட்டி எரிக்கப்பட்டுக்கொண்டிருந்த காலம் அது. உரிமைப் பத்திரம் காட்ட இயலாத காணிகளை முடிக்குரியவையாகக் கொள்ள 1840 ஆம் ஆண்டின் சட்டம் வழிவகுத்திருந்தது. அவ்வாறு பெறப்பட்ட நிலம் ஏக்கர் ஐந்து சிலிங் விலைக்கு விற்கப்பட்டதும் உண்டு. வாங்கியவர்களுள் துரைமார் மாத்திரமன்றி ஆட்சியின் உயர் உத்தியோகத்தரும் இருந்தனர். 1847 இல் கோப்பி விலை வீழ்ந்தபோது பலர் நொடித்துப்போயினர். வோல் நொடித்துப்போகவில்லை. காலப்போக்கில் தம் பெயரிலேயே கொழும்பில் ஒரு வணிக நிறுவனத்தை நிறுவி அவர் மேலெழுந்தார்.

அக்காலக் கொழும்பு வணிக நிறுவனங்களின் தொழில் யாதென்பதை விளங்கிக்கொள்ளுதல் இங்கு அவசியம். அந்நிறுவனங்கள் தோட்டங்களுக்கு முன்பணம் கொடுத்தன. தோட்டத்திற்கு வேண்டிய அரிசியையும் கருவிகளையும் அனுப்பின. விளைந்த கோப்பியைப் பதப்படுத்திக் கப்பலேற்றின. ஒவ்வொரு படியிலும் தரகு பெற்றன. இலண்டனிலிருந்த மூலதனத்திற்கும் மலைச்சரிவிலிருந்த மண்வெட்டிக்கும் இடையே நின்றவை அவையே. அங்ஙனம் இடையில் நின்றவர்களுள் முன்வரிசையில் இருந்தவர் வோல். 1854 இல் கண்டியில் உருவான தோட்டத்துரைமார் சங்கத்தின் தலைமைப் பதவியையும் அவர் வகித்தார். பின்னர் சட்ட நிரூபண சபையில் உத்தியோகப்பற்றற்ற உறுப்பினரானார்.

அச்சபை 1833 இல் தோன்றியது. தேசாதிபதியின் கீழ் ஒன்பது உத்தியோக உறுப்பினர், ஆறு உத்தியோகப்பற்றற்ற உறுப்பினர் என்பது அதன் அமைப்பு. அந்த அறுவரில் மூவர் ஐரோப்பியர். ஏனைய மூவர் சிங்களவர், தமிழர், பறங்கியர் என்ற வகுப்பினருக்கு ஒவ்வொருவர். எல்லோரும் நியமனம் பெற்றவரே. அறுவரும் ஒருமித்துக் கையுயர்த்தினாலும் ஒன்பது கைகளுக்கு முன் அவர்கள் தோற்பது உறுதி.

இந்நிலையிலேதான் 1864 வந்தது. இலங்கையில் நிறுத்தப்பட்டிருந்த பிரித்தானியப் படையின் செலவை இலங்கையின் வருமானமே ஏற்கவேண்டும் என்று இலண்டன் பணித்தது. உத்தியோக உறுப்பினர்களின் பெரும்பான்மையால் அது நிறைவேற்றப்படவிருந்தது. இதனை எதிர்த்து உத்தியோகப்பற்றற்ற உறுப்பினர் அறுவர் பதவி துறந்தனர். அவர்களுக்கு முன்னின்றவர் வோல். அடுத்த ஆண்டு, 1865 இல், சிலோன் லீக் என்னும் அமைப்பு தோன்றியது. சபையில் உத்தியோகப்பற்றற்றோர்க்குப் பெரும்பான்மை வேண்டும், நாட்டின் வரவு செலவை அவர்களே கட்டுப்படுத்தல் வேண்டும் என்பன அதன் கோரிக்கைகள். ஆங்கிலேயரும் பறங்கியரும் சிங்களவரும் தமிழரும் ஒரே மேடையில் நின்று அரசியற் சீர்திருத்தம் கேட்ட முதல் முயற்சிகளுள் ஒன்றாக வரலாற்றாசிரியர் இதனைக் குறிப்பிடுவர்.

லீக்கின் முயற்சி தோல்வியிலே முடிந்தது. காலியான ஆசனங்களுக்கு வேறு சிலரைத் தேடிப்பிடித்து அரசாங்கம் நியமித்தது. ஆயினும் அந்தத் துறவை நாம் சிறுமைப்படுத்தல் ஆகாது. ஆளும் இனத்தைச் சேர்ந்த செல்வந்தர் ஒருவர், தம் அரசாங்கத்தின் முகத்துக்கு நேரே, பணம் செலுத்துபவனுக்கே அப்பணத்தைக் கட்டுப்படுத்தும் உரிமை உண்டு என்று சொன்னார். அக்கோட்பாடு சரியானது. அது வோலின் வாயிலிருந்து வந்தமையால் பிழையாகிவிடாது.

பிரச்சினை அக்கோட்பாட்டில் இல்லை. அஃது எங்கே நின்றுவிட்டது என்பதிலேதான் உள்ளது.

இலங்கையின் அன்றைய வருமானத்தை யார் செலுத்தினர்? கோப்பி ஏற்றுமதியும் அதனையொட்டிய வணிகமும் ஒரு பகுதி. இறக்குமதியாகும் அரிசி மீதான தீர்வை இன்னொரு பெரும் பகுதி. அவ்வரிசியை உண்டவர் யார்? தென்னிந்தியாவிலிருந்து வந்து கோப்பித் தோட்டங்களிற் கூலி செய்தவர்களே அதனைப் பெரிதும் உண்டனர். அவர்கள் உலையிலிட்ட ஒவ்வொரு கொத்து அரிசியிலும் அரசாங்கத்துக்குரிய பங்கு முன்னரே எடுக்கப்பட்டிருந்தது. ஆகவே பணம் செலுத்துபவனுக்கே உரிமை என்ற கோட்பாட்டை நேர்மையாகப் பின்பற்றினால், சபையில் முதலிற் கேட்கப்பட்டிருக்க வேண்டிய குரல்களுள் கூலியாளின் குரலும் ஒன்று. சிலோன் லீக்கின் கோரிக்கைகளில் அக்குரலுக்கு இடமிருக்கவில்லை. கூலியாளுக்கு வாக்கோ பிரதிநிதித்துவமோ வேண்டும் என்று அது கேட்கவில்லை. வோலைக் குற்றக்கூண்டில் ஏற்றுவதற்கு எமது கோட்பாடு எதுவும் தேவையில்லை. அவருடைய கோட்பாடே போதும்.

அந்தக் கூலியாள் எவ்வாறு வந்தான் என்பதை வன்னி மக்களாகிய நாம் அறிந்திருத்தல் வேண்டும். அவன் வந்த வழி எமது வாயிலைத் தொட்டுச் சென்றது. தமிழகத்தின் வறண்ட மாவட்டங்களிலிருந்து கங்காணியின் முன்பணத்தைக் கடனாகத் தலையிற் சுமந்துகொண்டு புறப்பட்டவர்கள், தோணியேறி மன்னார்க் கரையில் இறங்கினர். அங்கிருந்து வன்னியின் காட்டோரத்தைக் கடந்து, மதவாச்சி, மிகிந்தலை, தம்புள்ளை வழியே மாத்தளைக்கு நடந்தனர். நீரற்ற காடு, மலேரியா, வாந்திபேதி, பசி. வீழ்ந்தவனை விட்டுவிட்டுக் கூட்டம் நகர்ந்தது. 1840 களில் இவ்வாறு வந்தவர்களுள் எழுபதினாயிரம் பேர் மாண்டிருக்கக்கூடும் என்று 1849 இல் கொழும்புப் பத்திரிகை ஒன்று மதிப்பிட்டது. அம்மதிப்பீடு மிகையென்று சொன்னவரும் உண்டு. எண் எதுவாயினும், அக்காட்டு வழி புதைகுழிகளின் வழியாய் இருந்தது என்பதில் ஐயமில்லை. தங்குமடங்களும் கிணறுகளும் வைத்தியசாலைகளும் பிற்காலத்திலேதான் மெல்ல மெல்ல அமைந்தன.

நடந்து தப்பித் தோட்டத்தை அடைந்தவனுக்கு என்ன காத்திருந்தது? சிலோன் லீக் தோன்றிய அதே 1865 ஆம் ஆண்டில், வேலைகொள்வோர் கூலியாளர் ஒப்பந்தம் பற்றிய 11 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் நிறைவேறியது. 1841 ஆம் ஆண்டிலிருந்தே நிலவிய சட்டத்தைத் தொகுத்துத் திருத்தியது அது. முறைப்படி அறிவித்தல் கொடாமல் வேலையை விட்டு நீங்கும் தொழிலாளி குற்றவாளியாவான், அவனைச் சிறையிலிடலாம். ஒப்பந்தத்தை முறித்த வணிகன்மீது பிறிதொரு வணிகன் குடியியல் வழக்கே தொடர முடியும். ஒப்பந்தத்தை முறித்த கூலியாளோ விலங்கு பூண்டான். இத்தண்டனைப் பிரிவுகள் 1920 களின் தொடக்கம்வரை நீடித்தன.

அச்சட்டத்திற்கு வோல் கையுயர்த்தினார் என்று நாம் சொல்லவில்லை. அவர் 1864 இலேயே சபையை விட்டு விலகிவிட்டவர். நாம் சொல்வது வேறு. விரும்பாத ஆட்சியிலிருந்து விலகி வெளியேறும் உரிமை வோலுக்கு இருந்தது; அவ்வாறு விலகியமைக்காக வரலாறு அவரைப் போற்றுகின்றது. விரும்பாத தோட்டத்திலிருந்து விலகி வெளியேறிய கூலியாளுக்குச் சிறை கிடைத்தது. வரலாறு அவன் பெயரையும் அறியாது. ஓராண்டு இடைவெளியில் நிகழ்ந்த இவ்விரண்டு விலகல்களையும் அருகருகே வைத்து நோக்காத அரசியல் வரலாறு அரைகுறையானது.

வோலின் வாழ்க்கை இத்துடன் முடிந்திருந்தால் எமது தீர்ப்பு எளிதாக இருந்திருக்கும். சுரண்டும் வர்க்கத்தின் பிரதிநிதி தன் வர்க்க நலனுக்காகச் சுதந்திரம் பேசினார் என்று சொல்லி முடித்துவிடலாம். ஆனால் அவ்வாழ்க்கைக்கு ஒரு பிற்பகுதி உண்டு. அது எமது எளிய தீர்ப்பைத் தடுத்து நிறுத்துகின்றது.

1869 இல் கோப்பிச் செடியின் இலைகளில் ஒரு செம்மஞ்சட் படலம் காணப்பட்டது. அந்நோய் பதினைந்து இருபது ஆண்டுகளில் இலங்கைக் கோப்பியை ஏறத்தாழ முற்றாக அழித்தது. வணிக நிறுவனங்கள் சரிந்தன. 1884 இல் ஓரியண்டல் வங்கியும் வீழ்ந்தது. வோலின் நிறுவனமும் இச்சரிவிற் சிக்கி அழிந்தது. செல்வத்தை இழந்த முதியவர் இங்கிலாந்துக்கு ஓடிவிடவில்லை. பேனாவைக் கையிலெடுத்தார். 1888 இல் தொடங்கிய சிலோன் இன்டிபென்டன்ட் பத்திரிகையில் ஆசிரியராய் இருந்தார். அவர் அக்காலத்தில் எடுத்துக்கொண்ட பெரும் போராட்டம் தோட்டத்துரைமாரின் போராட்டமன்று. அது நெல்வரிக்கு எதிரான போராட்டம்.

நெல்வரி என்பது வன்னி விவசாயிக்கு விளக்கவேண்டிய சொல்லன்று. விளைச்சலிற் பத்தில் ஒன்று என்பது பழைய கணக்கு. 1878 ஆம் ஆண்டின் சட்டம் அதனை ஆண்டுதோறும் பணமாகச் செலுத்தவேண்டிய கடனாக மாற்றியது. மழை பொய்த்தாலும் குளம் உடைத்தாலும் பணம் கட்டவேண்டும். கட்டாதவனின் வயல் ஏலத்தில் விடப்படும். 1880 களில் நுவரெலியாப் பகுதியின் வலப்பனையில் விவசாயிகள் கூட்டங்கூட்டமாக வயலிழந்தனர். பட்டினியாலும் நோயாலும் பலர் மாண்டனர். இக்கொடுமையை இலங்கையிலும், கொப்டன் கழகத்தின் வாயிலாக இங்கிலாந்திலும் எடுத்துரைத்தவர்களுள் வோல் முதன்மையானவர். 1892 இல் நெல்வரி ஒழிக்கப்பட்டது. 1894 இல் வோல் காலமானார். சிங்களக் கிராமத்து விவசாயி அவருக்கு உறவுமல்லன். அவருடைய கணக்கேட்டில் வரவுமல்லன். அவனுக்காக அம்முதியவர் உழைத்தார் என்பதை மறைப்பது நேர்மையன்று.

ஆகவே இதயமற்றவர் என்று அவரை ஒதுக்கிவிட இயலாது. பிறர் துன்பத்தைக் காணும் கண் அவருக்கு இருந்தது. அப்படியாயின் வலப்பனையின் விவசாயியைக் கண்ட கண், அதே மலையின் மறுசரிவில் லயத்தில் வாழ்ந்த கூலியாளை உரிமைக்குரிய மனிதனாக ஏன் காணவில்லை? இதுவே எமது கட்டுரையின் மையமான வினா.

இதற்கு வழக்கமாகச் சொல்லப்படும் விடை ஒன்றுண்டு. அவர் தம் காலத்தின் பிள்ளை. அக்காலத்தில் எவரும் அப்படிச் சிந்திக்கவில்லை. இன்றைய அளவுகோலால் அன்றைய மனிதனை அளத்தல் தகாது என்பர். இவ்விடையில் ஓரளவு உண்மை உண்டு. அக்காலத்துச் சுதந்திரத் தத்துவத்தின் பேராசான் எனப்பட்ட ஜோன் ஸ்டுவர்ட் மில், 1859 இல் சுதந்திரம் பற்றிய தம் புகழ்பெற்ற நூலை வெளியிட்டார். பின்தங்கியவை என்று தாம் கருதிய சமுதாயங்களுக்கு அத்தத்துவம் பொருந்தாது என்று அந்நூலிலேயே அவர் விலக்கு வைத்தார். அவர் முப்பத்தைந்து ஆண்டுகள் கிழக்கிந்தியக் கம்பனியின் ஊழியர். தத்துவஞானியின் கண்ணே மறைத்திருந்தபோது வணிகரின் கண் மறைத்தமை வியப்பன்று எனலாம்.

ஆயினும் அக்காலத்தில் எவரும் அறியவில்லை என்பது உண்மையன்று. காட்டு வழியில் மாண்டவர்களைப் பற்றிக் கொழும்புப் பத்திரிகை எழுதியது 1849 இல்; வோல் அப்போது இலங்கையிலே இருந்தார். அறியாமை வேறு, அறிந்தும் கணக்கிலெடாமை வேறு. காலத்தைச் சாட்டுவோர் பெரும்பாலும் இரண்டாவதை முதலாவதாக வேடமிட்டுக் காட்டுகின்றனர்.

இன்னொரு வணிகரையும் இங்கு நினைத்துப் பார்த்தல் தகும். வோல் சபையை விட்டு வெளியேறிய அதே 1864 இல், மான்செஸ்டரில் ஒரு பருத்தி நிறுவனத்தின் பங்காளியானார் பிரெட்ரிக் எங்கெல்ஸ். அவரும் முதலாளியே, தொழிலாளியின் உழைப்பிலிருந்து வந்த இலாபத்திலேயே வாழ்ந்தார். முற்போக்காளராகிய நாம் அதனை மறைக்கவேண்டியதில்லை. ஆனால் 1845 இலேயே, ஆங்கிலத் தொழிலாள வர்க்கத்தின் நிலையைப் பற்றி எழுதியபோது, அவர் பிறர் வீட்டுக் குறையைத் தேடிப் போகவில்லை. தம் வர்க்கத்தின் ஆலைக் கதவையே திறந்து உள்ளே இருப்பதைக் காட்டினார். தம் குடும்பத்துக்குச் சோறிட்ட தொழிலையே விசாரணைக்கு நிறுத்தினார். செல்வன் ஒருவனால் அது முடியாது என்று சொல்வதற்கில்லை. முடியும், ஆனால் கடினம்.

அக்கடினம் எங்கிருந்து வருகின்றது? எமது விடை இது. வலப்பனை விவசாயி வோலின் கணக்கேட்டுக்கு வெளியே இருந்தான். ஆதலின் அவன் துன்பம் துன்பமாகத் தெரிந்தது. தோட்டத்துக் கூலியாளோ அக்கணக்கேட்டுக்கு உள்ளே, செலவு என்னும் தலைப்பின் கீழ் இருந்தான். செலவைக் குறைக்கலாம், செலவை நிருவகிக்கலாம், செலவுக்கு வாக்குரிமை கொடுக்க வேண்டும் என்று எவருக்கும் தோன்றாது. ஓய்வு நேரங்களில் வோல் மலைநாட்டின் பன்னங்களைத் தேடி ஆராய்ந்தவர். இனம் இனமாகப் பிரித்துப் பட்டியலிட்டவர். காட்டிலே மறைந்து கிடந்த சிறு செடியின் பெயரை அறிய விரும்பிய அதே மனிதருக்கு, தோட்டத்துச் செக்றோலிலே இருந்த பெயர்கள் நாட்சம்பளத்தின் அடையாளங்களாகவே இருந்தன. இது கண்ணின் குறையன்று. நின்ற இடத்தின் குறை. மனிதனின் உணர்வு அவன் வாழ்நிலையால் உருவாகின்றது என்று நாம் அடிக்கடி சொல்கின்றோம். அதன் பொருளை இத்தகைய வாழ்க்கைகளில் வைத்தே விளங்கிக்கொள்ள வேண்டும்.

வாழ்நிலை உணர்வை உருவாக்குகின்றது என்பது பொறுப்பை நீக்கிவிடாது. எங்கே எமது கண் மறைக்கப்படும் என்று முன்கூட்டியே எச்சரிப்பதே அவ்வுண்மையின் பயன். தூரத்து அநீதி எளிதிற் கண்ணுக்குத் தெரியும். எந்த அநீதியின் மேல் எமது சொந்தச் சாப்பாட்டுக் கோப்பை வைக்கப்பட்டிருக்கின்றதோ, அதனைக் காணவே தனி முயற்சி வேண்டும். ஆகவே ஒருவனின் அறத்தை அளக்கும் அளவுகோல் இதுதான்: அவன் கேட்கும் உரிமை, அவனைச் சுமந்து நிற்பவனையும் எட்டுகின்றதா?

நெல்வரி ஒழிந்த பின்னரும் இறக்குமதி அரிசித் தீர்வை ஒழியவில்லை. வயலுடையவனின் சுமை இறங்கியது. வயலற்றவனின் உலைச்சுமை நீடித்தது. அத்தீர்வையைச் செலுத்திக்கொண்டிருந்தவர்களுக்குச் சட்டசபையில் ஆசனம் ஒதுக்கப்பட 1920 கள் வரை சென்றது. 1931 இல் வந்த சர்வசன வாக்குரிமை அவர்களுள் ஒரு பகுதியினரையே எட்டியது. 1947 பொதுத்தேர்தலில் இலங்கை இந்தியர் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றது. மறு ஆண்டே, 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் வந்தது. அம்மக்களில் மிகப் பெரும்பாலோர் நாடற்றவராயினர். 1949 இல் வாக்கும் பறிபோயிற்று. வடக்கின் தமிழ்ப் பிரதிநிதிகள் எல்லோரும் இதனை ஒரே குரலில் எதிர்த்தனர் என்று சொல்ல இயலாது. தமிழ்க் காங்கிரஸ் பிளவுண்டமைக்கும், 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சி தோன்றியமைக்கும் இவ்விவகாரம் ஒரு முக்கிய காரணம். 1964 இல் சிறிமா சாஸ்திரி ஒப்பந்தம் அம்மக்களைப் பங்கு பிரித்தது: 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு, 150,000 பேரின் கதி பின்னர் பேசித் தீர்க்கப்படும் என்று. வோல் சபை துறந்து சரியாக நூறு ஆண்டுகளின் பின்னரும், கணக்கேட்டின் மொழியே அம்மக்களைப் பற்றிய மொழியாக இருந்தது. எஞ்சியோரின் நாடற்ற நிலை தீர 2003 ஆம் ஆண்டின் சட்டம்வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

இப்போது நாம் எமது முற்றத்துக்கு வருவோம்.

1958 ஆம் ஆண்டின் வன்செயலுக்குப் பின்னரும், 1970 களின் நடுப்பகுதியில் தோட்டங்களிற் பட்டினி பரவியபோதும், 1977, 1983 வன்செயல்களின் பின்னரும், மலையகத்திலிருந்து பல்லாயிரம் மக்கள் வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் முல்லைத்தீவுக்கும் வந்து சேர்ந்தனர். காந்தியம் போன்ற இயக்கங்கள் அவர்களைக் குடியமர்த்தப் பாடுபட்டன. காடு வெட்டினர்; கிணறு தோண்டினர்; எல்லைக் கிராமங்களில் முதல் அடியை ஏற்றனர். மூதாதையர் நடந்து கடந்த காட்டோரத்திலேயே பேரப்பிள்ளைகள் குடில் கட்டினர். போரின் ஆண்டுகளில் அவர்கள் பிள்ளைகளும் மாண்டனர். 2009 இல் நாம் எல்லோரும் ஒன்றாகவே விரட்டப்பட்டோம். செட்டிகுளத்து மெனிக் பாம் முகாமில் ஒரே தண்ணீர் வரிசையில் நின்றோம். மன்னாரையும் மதவாச்சியையும் இணைக்கும் நெடுவழியிலேதான் செட்டிகுளம் இருக்கின்றது. அவ்வரிசையில் எவனும் எவனையும் நீ எந்த ஊரவன் என்று கேட்கவில்லை.

மீண்டு வந்தபின் கேட்கத் தொடங்கினோம். குளத்து நீர் பாயும் வயல் யாருக்கு, மேட்டு நிலத்தில் உறுதியில்லாத கால் ஏக்கர் யாருக்கு என்ற பழைய வேறுபாடு திரும்பி வந்தது. எமது வயலிற் களை பிடுங்குபவர், எமது தோட்டத்திற் கச்சான் பிடுங்குபவர், எமது வீட்டுக்குக் கல்லரிபவர் பெரும்பாலும் யாருடைய பிள்ளைகள் என்பதை வாசகர் தம் ஊரை நினைத்துப் பார்த்துத் தாமே விடை சொல்லட்டும். கோயிற் சபையிலும் கமக்காரர் அமைப்பிலும் அவர்களுடைய குரல் எத்தனை முறை கேட்டது என்பதையும் எண்ணிப் பார்க்கட்டும்.

சில காலத்துக்கு முன் நாம் பணியாற்றிய ஒரு பாடசாலையில் நடந்ததைச் சொல்கின்றோம். வகுப்பின் கடைசி வாங்கில் அமரும் மாணவர் நால்வர் தொடர்ந்து பல நாள் வரவில்லை. காரணம் கேட்டபோது சக ஆசிரியர் ஒருவர் சொன்னார்: "அதுகள் இனி வராதுகள் சேர். கச்சான் பிடுங்கத் தொடங்கிட்டுதல்லோ. தோட்டக்காட்டுப் பிள்ளையள், அதுகளுக்கு என்னத்துக்குப் படிப்பு?" அவர் தீயவரல்லர். காணி விடுவிப்புக்கான போராட்டங்களில் வெயிலில் நின்றவர். காணாமலாக்கப்பட்டோரின் தாய்மாருக்காகக் கண்ணீர் விட்டவர். நாமோ அவர் சொன்னதைக் கேட்டுவிட்டு மறுமொழி கூறாமல் வரவுப் பதிவேட்டில் நான்கு பூச்சியங்களை இட்டுவிட்டு நகர்ந்தோம். அன்று பின்னேரம் எமக்கு வோலின் நினைவு வந்தது. வோல் கடலுக்கு அப்பாலிருந்து வந்த ஒரு துரை மட்டுமல்லர். உரிமைக்காக உண்மையாகவே போராடி, தன்னைச் சுமந்து நிற்பவனின் முன்னால் மட்டும் மௌனமாகிவிடும் ஒவ்வொரு மனிதனிடத்தும் அவர் இருக்கின்றார். அன்று அவர் எமது ஆசிரியர் அறையிலும் இருந்தார். பதிவேட்டைப் பிடித்திருந்த கையும் எமதே.

உழைத்தவனுக்கே மண் சொந்தம் என்று நாம் சொல்கின்றோம். அது சரியான கோட்பாடு. அதனை நேர்மையாகப் பின்பற்றினால், காடு வெட்டிக் களனியாக்கிப் பல பத்தாண்டுகளாகியும் உறுதி பெறாதவர்களின் பெயர்கள் எமது கோரிக்கை மனுவின் முதற் பக்கத்தில் இருத்தல் வேண்டும். பணம் செலுத்துபவனுக்கே உரிமை என்ற கோட்பாடு வோலையே சுட்டியது போல, எமது கோட்பாடு எம்மையே சுட்டுகின்றது. கொழும்பிடம் நாம் கேட்கும் நீதியின் தரத்தை, எமது வரம்போரத்தில் நிற்பவன் எம்மிடம் கேட்கும் நீதிக்கு நாம் கொடுக்கும் விடையே தீர்மானிக்கின்றது.

இவ்விடத்தில் ஒரு மறுப்பு எழலாம். இனத்தின் பொது உரிமைக்கான போராட்டம் நடக்கையில் உள்வீட்டுக் குறைகளைப் பேசுவது ஒற்றுமையைக் குலைக்காதா என்று கேட்பர். சிலோன் லீக்கிலும் இப்படி ஒரு நியாயம் சொல்லப்பட்டிருக்கக்கூடும். முதலிற் சபையில் பெரும்பான்மை, ஏனையவை பின்னர் என்று. அந்தப் பின்னர் வரவேயில்லை. சுமப்பவனை வெளியே நிறுத்திவிட்டுக் கட்டப்படும் ஒற்றுமை, வாசலுக்கு உள்ளே இருப்பவர்களின் ஒற்றுமை மட்டுமே. ஒற்றுமையைக் குலைப்பது குறையைச் சொல்லும் வாயன்று. சொல்லப்படாமல் அழுகிக் கிடக்கும் குறையே.

ஆசிரியராகிய எமக்கு உடனே செய்யத்தக்கவை உண்டு. சிலோன் லீக்கைக் கற்பிக்கும் அதே பாடவேளையில் 1865 ஆம் ஆண்டின் கூலியாளர் சட்டத்தையும் கற்பிக்கலாம். மன்னாரிலிருந்து மாத்தளைக்குச் சென்ற வழியை வன்னியின் வரைபடத்திற் கீறச் சொல்லலாம். தம் மூதாதையர் அவ்வழியே நடந்தவர்கள் என்று சொல்லும் மாணவன் தலைகுனியாமற் சொல்லும்படி வகுப்பை அமைக்கலாம். கச்சான் பிடுங்கும் காலத்தில் யார் வரவில்லை என்று பதிவதோடு நில்லாமல், அந்த நாட்கூலி இன்றி அவ்வீட்டில் அடுப்பெரியுமா என்று போய்ப் பார்க்கலாம். அவர்களுக்குக் கூலி கொடுப்பவர் எமது உறவினராகவும் நண்பராகவும் இருப்பர், அவர்களிடமும் பேசலாம். மாணவத் தோழர்கள் தம் சங்கங்களின் நிருவாகத்தில் யார் யார் இருக்கின்றனர், யார் இல்லை என்று ஒருமுறை எண்ணிப் பார்க்கலாம். இவை புரட்சியல்ல. ஆனால் இவற்றைச் செய்யாதவன் பேசும் புரட்சியை நம்புவதற்கும் இல்லை.

ஜோர்ஜ் வோலை நாம் வெறுக்கவில்லை. நெல்வரிக்கு எதிராக அவர் எழுதிய ஒவ்வொரு வரிக்கும் எம் விவசாயிகளின் நன்றி உரியது. படைச்செலவை எதிர்த்து அவர் துறந்த ஆசனத்தை நாம் மதிக்கின்றோம். அதே வேளையில் அவர் கேளாமல் விட்ட உரிமையின் விலையை, அவர் மறைந்து நூறு ஆண்டுகளுக்கு மேலாகியும் ஒரு மக்கட் கூட்டம் செலுத்தி வந்தமையை நாம் மறக்கவில்லை. ஒரு மனிதன் செய்த நன்மையை அவன் கடனிற் கழித்து மீதி காட்டும் கணக்கு அறத்தில் இல்லை. இரண்டும் இரண்டாகவே நிற்கும்.

அந்த நால்வரில் இருவர் மறு தவணையிலே திரும்பி வந்தனர். ஏனைய இருவர் வரவில்லை. அவர்களின் வாங்கு இன்னும் வகுப்பிலே கிடக்கின்றது. வரவுப் பதிவேட்டைத் திறக்கும் ஒவ்வொரு காலையிலும், நாம் எந்த உரிமையைக் கேட்டோம் என்று அது எம்மிடம் வினவுவதில்லை. எந்த உரிமையைக் கேளாமல் விட்டோம் என்றே வினவுகின்றது.